பகர அடைப்பு

அப்பா மதுரையில் ஓர் அச்சகத்தில், ஈய எழுத்துகளை ஒவ்வொன்றாகக் கோர்த்துப் பக்கம் அமைக்கும் கம்பாசிட்டராக இருந்தார். பள்ளி விட்டதும் நான் நேரே அங்கேதான் போவேன். அடித்து முடித்த பக்கங்களைப் பிரித்து, எழுத்துகளை அதனதன் குழியில் திரும்பப் போடுவது என் வேலை. ஈய எழுத்தில் எல்லாம் இடம் வலம் மாறியிருக்கும். ரகரத்துக்குக் கீழே ஒரு சின்ன வால் உண்டு, துணைக்காலுக்குக் கிடையாது. வால் தேய்ந்த ரகரத்தைக் கால் இருக்கும் குழியில் போட்டுவிடுவேன். மறுநாள் அப்பா எழுத்துக் கோர்க்கும் ஸ்டிக்கோடு நின்று ஒவ்வொன்றாகப் பொறுக்கி எடுப்பார். திட்டியதில்லை. "கண்ணால பார்க்காதே, விரலால பாரு" என்பார்.

இருபது வருடம் கழித்து, சென்னையில் ப்ரூஃப் ரீடராக வேலை பார்த்துக்கொண்டிருந்த காலத்தில், ஆங்கில நாவலாசிரியர் வர்ஜீனியா வுல்ஃபின் கடிதத் தொகுப்பு ஒன்றைப் புரட்டினேன். 1917ஆம் ஆண்டு ஏப்ரலில் அக்கா வனெஸாவுக்கு எழுதிய கடிதம். புதிதாக வாங்கிய அச்சு இயந்திரம் வந்து இறங்கியிருக்கிறது. எழுத்துகளைப் பிரித்து அறைகளில் போடுவது யுகக்கணக்கான வேலை, அதுவும் நேற்று நான் செய்ததுபோல 'எச்'சையும் 'என்'னையும் கலந்துவிட்டால், என்கிறார். ஆங்கிலத்தில் சின்ன 'எச்'சின் கொம்பை மறைத்துவிட்டால் அது 'என்' தான். எனக்கு ரகரமும் காலும் ஞாபகம் வந்தது. அதுவரை பயந்து தள்ளிப்போட்டிருந்த எழுத்தாளர் அவர். அன்று மாலையே அவருடைய 'டு த லைட்ஹவுஸ்' நாவலை வாங்கிவந்தேன்.

வுல்ஃப் பற்றிப் பேச ஆரம்பித்தாலே பலர் கோட்டுப் பையில் கல்லை நிரப்பிக்கொண்டு ஆற்றில் இறங்கியதில்தான் தொடங்குகிறார்கள். 1941 மார்ச் 28, ஊஸ் ஆறு, 59 வயது. ஆனால் அந்த ஒரு நாளைக்கு முன்னால் அவர் வேலை செய்த ஆயிரக்கணக்கான நாட்கள் இருக்கின்றன. எனக்கு அந்த நாட்கள்தான் முக்கியம்.

1913 தொடங்கி இரண்டு வருடம் அவர் கடும் மனநோயில் கிடந்தார். அவர் மூளைக்கு ஓய்வு தருகிற ஒரு கைவேலை வேண்டும் என்று கணவர் லியனார்டு நினைத்தார். (இந்த லியனார்டு 1904 முதல் 1911 வரை இலங்கையில் ஆங்கிலேய அரசின் அதிகாரியாக இருந்தவர், முதல் பணியிடம் யாழ்ப்பாணம்.) இருவரும் அச்சுத்தொழில் கற்கப் பள்ளிக்குப் போனார்கள். தொழிற்சங்கப் பயிற்சியாளர்களுக்கு மட்டும்தான் இடம் என்று சொல்லிவிட்டார்கள். அப்புறம் லண்டன் ஃபாரிங்டன் தெருவில் ஒரு கடையில் சின்னக் கை இயந்திரத்தையும் எழுத்துகளையும் வாங்கினார்கள். கூடவே கடைக்காரர் ஒரு 16 பக்கக் கையேட்டைக் கொடுத்தார். அதை வைத்துக்கொண்டு, ரிச்மண்டில் இருந்த ஹோகார்த் ஹவுஸ் என்ற தங்கள் வீட்டின் சாப்பாட்டு மேசைமேல் இயந்திரத்தை ஏற்றித் தொழிலைக் கற்றார்கள். ஒரு தடவைக்கு ஒரு பக்கம்தான் அடிக்க முடியும். ஜூலையில் முதல் புத்தகம் வந்தது: ஆளுக்கு ஒரு கதை, 150 பிரதி.

லியனார்டுக்குப் பிறவியிலிருந்தே கை நடுக்கம். அதனால் அவர் இயந்திரத்தை இயக்கினார், வர்ஜீனியா அச்சுக் கோர்த்தார். டி.எஸ். எலியட்டின் 'த வேஸ்ட் லேண்ட்' என்ற நெடுங்கவிதை 1923இல் இவர்களுடைய ஹோகார்த் பிரஸ் பதிப்பாக வந்தபோது அதை எழுத்தெழுத்தாகக் கோர்த்தது வர்ஜீனியாதான். ஒரு கம்பாசிட்டர் மகளாகச் சொல்கிறேன், கவிதை கோர்ப்பது உரைநடையைவிடக் கடினம். வரி முடிந்த பிறகு மீதி இருக்கும் வெள்ளை இடத்தையும் ஈயத்தால்தான் நிரப்ப வேண்டும். தாளில் ஒன்றுமில்லாததுபோலத் தெரிகிற இடத்துக்கும் ஒருவர் கட்டை எடுத்து வைத்திருக்கிறார். அதற்கும் எடை உண்டு.

வுல்ஃபின் எழுத்தில் வரும் மௌனங்களை நான் இப்படித்தான் புரிந்துகொள்கிறேன். முதல் இரண்டு நாவல்களையும் அண்ணன் முறையான ஜெரால்டு டக்வொர்த்தின் பதிப்பகம் வெளியிட்டது. நல்ல நாவல்கள்தான், ஆனால் கதை ஒழுங்காக நடந்து போகும். 1922இல் சொந்தப் பதிப்பகத்தில் வந்த 'ஜேக்கப்ஸ் ரூம்' அப்படியில்லை. காட்சிக்கும் காட்சிக்கும் நடுவே வெற்றிடம். ஜேக்கப் யார் என்று யாரும் முழுதாகச் சொல்வதில்லை. அவன் போரில் செத்த பிறகு காலி அறையும் ஒரு ஜோடி ஷூவும் மிஞ்சுகின்றன. அந்த நாவலை அவர் கையால் கோர்க்கவில்லை, எடின்பரோவில் ஒரு பெரிய அச்சகத்தில் அடித்தார்கள். ஆனால் எழுதியது ஐந்து வருடம் கோர்த்துப் பழகிய கை. தவிர, "இதெல்லாம் ஏன்?" என்று கேட்க இப்போது பதிப்பாசிரியர் இல்லை. இங்கிலாந்திலேயே தான் விரும்பியதை எழுதும் சுதந்திரம் உள்ள ஒரே பெண் தான் என்று 1925இல் நாட்குறிப்பில் எழுதினார். வருடம் 500 பவுண்டும் பூட்டிக்கொள்ள ஓர் அறையும் வேண்டும் என்று அவர் சொன்னதை எல்லோரும் மேற்கோள் காட்டுகிறோம். அதோடு ஓர் அச்சு இயந்திரத்தையும் சேர்த்துக்கொள்ளலாம் என்பது என் கருத்து.

சரி, 'டு த லைட்ஹவுஸ்' பற்றிச் சொல்லத்தான் உட்கார்ந்தேன்.

வர்ஜீனியாவின் அம்மா ஜூலியா 1895 மே 5 அன்று இறந்தார். வர்ஜீனியாவுக்கு அப்போது 13 வயது. அதுவரை ஒவ்வொரு கோடையிலும் கார்ன்வாலில் செயின்ட் ஐவ்ஸ் என்ற ஊரில் ஒரு வீட்டுக்குப் போவார்கள். அங்கிருந்து பார்த்தால் காட்ரிவி கலங்கரை விளக்கம் தெரியும். அம்மா போன பிறகு அந்த வீடும் போயிற்று. முப்பது வருடத்துக்குமேல் அம்மாவின் குரல் காதில் கேட்டுக்கொண்டே இருந்ததாகவும், இந்த நாவலை எழுதி முடித்ததும் அது நின்றுவிட்டதாகவும் பிற்பாடு நினைவுக்குறிப்பில் எழுதினார். நாவல் வெளிவந்த நாள் 1927 மே 5.

எழுதத் தொடங்கும் முன் நோட்டில் ஒரு படம் போட்டார்: இரண்டு கட்டங்கள், நடுவே ஒரு நடைவழி. பார்த்தால் பெரிய 'எச்' எழுத்து. முதல் கட்டம் ஒரு மதியமும் இரவும். கடைசிக் கட்டம் ஒரு காலை. குறுக்குக்கோடு, நடுவில் போன பத்து வருடம். முதல் பகுதியில் திருமதி ராம்சே எட்டுக் குழந்தைகளையும் விருந்தாளிகளையும் கட்டி மேய்க்கிறார், காலுறை பின்னுகிறார், விருந்துக்கு மாட்டிறைச்சி பதமாக வெந்ததா என்று கவலைப்படுகிறார். கணவர் தத்துவப் பேராசிரியர். மனிதச் சிந்தனையை ஆங்கில அரிச்சுவடியாக வைத்துக்கொண்டால் தான் 'கியூ' வரை வந்துவிட்டோம், 'ஆர்' எட்டவில்லையே என்று தவிக்கிறார். வர்ஜீனியாவின் அப்பா லெஸ்லி ஸ்டீபன், ஆங்கிலேயர்களின் வாழ்க்கை வரலாற்று அகராதிக்கு முதல் பதிப்பாசிரியர் என்று தெரிந்து படித்தால் அந்த இடம் இன்னும் வலிக்கும்.

இரவு விளக்குகள் அணைகின்றன. அதன் பிறகு வீட்டில் ஆளே இல்லை. காற்று வருகிறது, ஈரம் ஏறுகிறது, மாட்டிவிட்டுப் போன சால்வையின் முடிச்சு அவிழ்கிறது. பக்கம் பக்கமாக வீட்டைத்தான் எழுதுகிறார். நடுவில் திடீரென்று பகர அடைப்புக்குள், அதாவது [ ] என்ற சதுர அடைப்புக்குள், ஒரே ஒரு வாக்கியம். இருட்டான ஒரு காலை, திரு. ராம்சே நடைவழியில் தடுமாறியபடி கைகளை நீட்டுகிறார். முந்தைய இரவு திருமதி ராம்சே திடீரென இறந்துவிட்டதால் கைகள் வெறுமையாக இருக்கின்றன. அவ்வளவுதான். நாவலின் உயிராக இருந்தவள் போய்விட்டாள். மகள் பிரசவத்தில் இறப்பதும், மகன் பிரான்ஸில் குண்டு வெடித்து இறப்பதும் அதே மாதிரி அடைப்புக்குள்தான்.

முதல் தடவை படித்தபோது கோபம் வந்தது. இப்படியா ஒரு தாயின் சாவைச் சொல்வது? இரண்டாம் தடவை படித்தபோதுதான் எங்கள் வீட்டில் சாவு எப்படி வந்தது என்பது நினைவுக்கு வந்தது. எனக்கு 14 வயது. அம்மா ராத்திரி தோசைக்கு மாவு ஆட்டி வைத்துவிட்டுப் படுத்தார், எழுந்திருக்கவில்லை. காலையில் மாவு பொங்கி, பாத்திரத்தின் விளிம்பு தாண்டி வழிந்திருந்தது. வீட்டில் மற்றதெல்லாம் அதுபாட்டுக்கு நடந்துகொண்டிருந்தது.

திருமதி ராம்சே இறக்கும் அந்த வாக்கியத்தில் ப்ரூஃப் ரீடரின் கண்ணுக்கு இன்னொன்றும் படும். இங்கிலாந்துப் பதிப்பும் அமெரிக்கப் பதிப்பும் ஒரே நாளில் வந்தன, ஆனால் இரண்டு ப்ரூஃபிலும் அவர் வேறுவேறு திருத்தம் போட்டிருக்கிறார். அமெரிக்கப் பதிப்பில் எல்லாம் ஒரே வாக்கியமாக ஒழுகிப் போகிறது. இங்கிலாந்துப் பதிப்பில் 'கைகளை நீட்டினார்' என்று ஒரு முற்றுப்புள்ளி. அப்புறம் தனியாக, 'அவை வெறுமையாகவே இருந்தன.' எனக்கு இதுதான் சரி. அந்தப் புள்ளியில் ஒரு கணம் கை காற்றில் நிற்கிறது.

எனக்குப் பிடிக்காத ஒன்றும் இந்தப் பகுதியில் உண்டு. பாழான வீட்டைத் துடைத்து மீட்பது மிஸஸ் மெக்நாப் என்ற வேலைக்காரக் கிழவி. அவளை ஏறக்குறைய மூளையில்லாதவள்போல வுல்ஃப் எழுதியிருக்கிறார். ராம்சே வீட்டு மனிதர்களின் மனதுக்குள் அத்தனை ஆழம் போனவர், அவள் மனதின் வாசலிலேயே நின்றுவிட்டார். எத்தனை முறை படித்தாலும் எனக்கு அந்த இடம் உறுத்துகிறது.

1993இல் என் கல்யாணப் பத்திரிகையை அப்பாவே கோர்த்தார். முதலாளி வேறு ஆளிடம் தரச் சொல்லியும் கேட்கவில்லை. அம்மா பெயருக்கு முன்னால் பிறை அடைப்பு, அதற்குள் 'லேட்', பிறகு அடைப்பை மூட வேண்டும். நான் பக்கத்தில் நின்றிருந்தேன். மற்ற வரிகளை, எழுத்துக் குழிகள் உள்ள கேஸைப் பார்க்காமலே எடுத்தவர், அந்த இரண்டு அடைப்பையும் குனிந்து பார்த்துப் பொறுக்கினார்.

போன பொங்கலுக்கு ஊருக்குப் போனபோது, திருமதி ராம்சே இறக்கும் அந்தப் பக்கத்தைத் தமிழில் சொல்லிக் காட்டினேன். அப்பாவுக்கு இப்போது 84. கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"பிறை அடைப்பா, பகர அடைப்பா?" என்றார்.

"பகர அடைப்புப்பா."

"நம்ம கேஸ்ல அது நாலே நாலுதான் இருந்துச்சு. யாரும் கேக்க மாட்டாங்க. தேடித்தான் எடுக்கணும்" என்றார். கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் ஒரு கட்டையைப் பிடித்ததுபோலச் சேர்ந்திருந்தன.