17 நிமிடக் கலகக்காரர்கள்

பிப்ரவரி 2, 2025, ஞாயிறு

காலத்தை வசப்படுத்தும் ரகசியக் கலகக் கூட்டம் ஒன்று வேண்டும், அது நம்ம தர்மபுரியிலேயே இருக்க வேண்டும் என்று அக்கா மகன் கேட்ட கதைக்கு இன்று ஒரு பிடி கிடைத்தது. மந்திரக்கோலும் கால இயந்திரமும் வேண்டாம் என்பதில் நான் உறுதியாக இருந்தேன். இந்த மண்ணின் பொழுதிலிருந்தே மந்திரம் முளைக்க வேண்டும்.

கடிகாரத்தில் மணி பன்னிரண்டு ஆனதும் அவன், "ஆயா, உச்சிப் பொழுது ஆயிடுச்சி, சாப்பிட வா" என்று கூப்பிட்டான். ஆயா வாசல் நிழலைப் பார்த்துவிட்டு, "உச்சிக்கு இன்னும் அரை மணி கெடக்குதுடா, நீ போய்த் தின்னு" என்றது.

கணக்குப் போட்டுப் பார்த்தேன். இந்திய நேரம் 82.5 பாகை கிழக்குத் தீர்க்கரேகையில், மிர்சாப்பூர் பக்கம் ஓடும் கோட்டை வைத்துக் கணிக்கப்படுகிறது. தர்மபுரி இருப்பது 78 பாகையைச் சற்றே தாண்டி. ஒரு பாகைக்கு 4 நிமிடம். ஆக, நம் கடிகாரம் நம் சூரியனைவிடச் சராசரியாக 17 நிமிடம் முந்தி ஓடுகிறது. யாருடைய கணக்கிலும் வராத அந்த 17 நிமிடத்தில்தான் என் ஆட்கள் வாழப்போகிறார்கள்.

பிப்ரவரி 5, புதன்

கதை தொடங்கும் ஆண்டு 1906. வேறு ஆண்டை யோசிக்கவே வேண்டியதில்லை. அந்த ஜனவரி 1 முதல்தான் இந்தியா முழுமைக்கும் ஒரே நேரம் என்று வெள்ளைக்கார அரசு வைத்தது. அதற்கு முன் ரயில்கள் ஓடியது மதராஸ் நேரத்தில். அது நம் சூரியனுக்கு 8 நிமிடம்தான் முந்தியது. மொரப்பூரிலிருந்து தர்மபுரிக்குக் குறுகிய பாதை ரயில் வந்ததும் அதே 1906-இல். இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் அந்தத் தண்டவாளத்தையே பெயர்த்துவிட்டார்கள். ரயில் போனது, அது கொண்டுவந்த நேரம் மட்டும் இங்கேயே தங்கிவிட்டது.

நேரத்துக்கு எதிராக யாராவது கலகம் செய்வார்களா என்று அக்கா கேட்டாள். செய்தார்கள். பம்பாயின் சொந்த நேரம் புதிய நேரத்துக்கு 39 நிமிடம் பின்னால் இருந்தது. புதிய நேரப்படி மில் திறந்தால் அத்தனை நிமிடம் முன்னதாகவே வேலைக்கு நிற்க வேண்டும். 1906 ஜனவரியில் மில் தொழிலாளர்கள் கொதித்தெழுந்தார்கள். அந்த ஊர் மாநகராட்சி 1955 வரை பழைய நேரத்தை விடவில்லை. உழைப்பவனின் விடியலை எவனோ ஒருவன் நகர்த்தி வைப்பது சின்ன விஷயமா? என் கதையின் கோபம் முழுதும் இதில்தான் இருக்கிறது.

பிப்ரவரி 9, ஞாயிறு

மொட்டை மாடியில் கம்பு நட்டு, சுற்றிலும் சாக்பீஸால் வட்டம் போட்டோம். காலையில் நிழலின் நுனி வட்டத்தைத் தொட்ட நேரத்தையும் பிற்பகலில் மறுபடி தொட்ட நேரத்தையும் குறித்தோம். இரண்டுக்கும் நடுநேரம்தான் உச்சி. 12:31 வந்தது!

17 ஏன் 31 ஆனது? பூமியின் பாதை நீள்வட்டம், அதன் அச்சும் சாய்ந்திருக்கிறது. அதனால் சூரியன் ஆண்டு முழுதும் கடிகாரத்தோடு ஒரே சீராக நடப்பதில்லை. பிப்ரவரி நடுவில் சராசரியைவிட 14 நிமிடம் பிந்துகிறது. நவம்பர் முதல் வாரத்தில் 16 நிமிடம் முந்திவிடுகிறது. அப்போது இங்கே உச்சிப் பொழுது 12:01-க்கே வந்துவிடும்.

"அப்ப நவம்பர்ல அவங்க மந்திரம் வேலை செய்யாதா மாமா?" என்றான் பையன். கதையின் முதுகெலும்பையே எடுத்துக் கையில் கொடுத்துவிட்டான். மாசியில் பலம் கூடும், ஐப்பசியில் ஒரே ஒரு நிமிடம்தான் மிஞ்சும்.

பிப்ரவரி 15, சனி

கூட்டத்துக்குப் பெயர் வைத்தாயிற்று: வட்டில்காரர்கள். அடியில் நுண்ணிய துளையிட்ட செப்புக் கிண்ணம், நாழிகை வட்டில். தண்ணீரில் மிதக்கவிட்டால் நீர் ஏறி மூழ்க ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். முல்லைப்பாட்டிலேயே அரசனுக்கு நீர்க்கன்னல் பார்த்துப் பொழுது சொல்பவர்கள் வருகிறார்கள். என் ஆட்கள் அந்தக் கணக்கர்களின் வழியில் வந்தவர்கள், அரசனை விட்டு விலகியவர்கள்.

கடிகாரம் பன்னிரண்டு அடித்ததும் வட்டிலை நீரில் விடுவார்கள். சூரியன் உச்சிக்கு வரும்வரை அவர்கள் செய்வது எந்தப் பதிவேட்டிலும் ஏறாது, எந்தக் காவலன் நினைவிலும் நிற்காது. வரி கட்டாததற்குப் பிடித்துவைத்த ஆளை விடுவிக்கலாம், ஜப்தி செய்த மாட்டை ஓட்டிவரலாம். மாசியில் வட்டில் மூழ்கிய பிறகும் 7 நிமிடம் கையில் இருக்கும்.

இதற்கு விலையும் உண்டு. அந்த இடைவெளியில் செய்த நல்லதும் யாருக்கும் நினைவிருக்காது. வீடு திரும்பியவனுக்கே தன்னை மீட்டது யாரென்று தெரியாது.

பிப்ரவரி 20, வியாழன்

தேய்பிறை அஷ்டமி. அதியமான்கோட்டை காலபைரவர் கோயிலில் நல்ல கூட்டம். சாம்பல் பூசணியை இரண்டாக வெட்டி, குடைந்து, எண்ணெய் விட்டு விளக்கேற்றுகிறார்கள். காலத்துக்கு அதிபதியான சாமி நம் ஊர் எல்லையில் இருக்கும்போது என் கூட்டம் வேறெங்கே போய்ச் சத்தியம் செய்யும்? சேரும் நாளில் பூசணி விளக்கின் முன்தான் புதியவர் பெயரைச் சொல்வார்கள்.

இந்த வட்டாரத்து நடுகற்களும் நினைவுக்கு வந்தன. மாடு மீட்டு இறந்த வீரனுக்கு எடுத்த கல்லில் பல்லவ அரசன் பெயரும் அவனுடைய ஆட்சியாண்டும் முதலில் நிற்கும், செத்தவன் பெயர் பிறகுதான் வரும். சாவின் தேதிகூட அரசனுடையது. வட்டில்காரர்கள் தங்கள் ஆட்களுக்கு நடும் கல்லில் யாண்டு இருக்காது. பெயர், ஊர், உச்சியில் ஒரு சூரியன், அவ்வளவுதான்.

பிப்ரவரி 23, ஞாயிறு

சுப்பிரமணிய சிவாவைக் கதையில் சேர்க்கச் சொல்லி நண்பர் வற்புறுத்துகிறார். பாப்பாரப்பட்டியில் வாழ்ந்து 1925 ஜூலை 23-இல் அங்கேயே மறைந்தவர். சிறையும் தொழுநோயும் தின்ற உடம்போடு ஊர் ஊராக நடந்தே போய்ப் பேசினார். அவருக்கு மாயம் கொடுத்தால் அந்த நடையைப் பறித்ததாகிவிடும். சேர்க்க மாட்டேன்.

முடிவும் பிடிபட்டது. கதைத் தலைவியின் தம்பியை நவம்பர் 3 பகலில் சேலம் சிறைக்குக் கொண்டுபோகிறார்கள். மாசி வரை பொறுத்திருக்க முடியாது. இருப்பது ஒரு நிமிடம். காட்டிக்கொடுக்கும் துரோகி வேண்டும் என்று பையன் அடம்பிடிக்கிறான். எனக்கு வேண்டாம். ஒரு நிமிடம்தான் என்று தெரிந்தே பதினோரு பேர் மொரப்பூர் ஸ்டேஷனுக்குப் போகிறார்கள். வட்டிலை வீட்டிலேயே வைத்துவிட்டுப் போகிறார்கள். நாளை அந்த அத்தியாயத்தைத்தான் முதலில் எழுதப்போகிறேன்.