கழற்றிய கதவில் ஒட்டிய நோட்டீஸ்

பள்ளிகொண்டாவில் எங்கள் நிலத்தின் வழியாக வண்டிப்பாதை உரிமை கேட்டுப் பக்கத்து நிலத்துக்காரர் போட்ட வழக்கு கீழ்க்கோர்ட்டில் தள்ளுபடி ஆனது. அதோடு தொல்லை விட்டது என்று அப்பா இருந்துவிட்டார். மேல்முறையீடு நடந்ததும் அதில் நாங்கள் தோற்றதும், வேலிக்கல்லைப் பிடுங்க ஆள் வந்த அன்றுதான் தெரிந்தது.

நாங்கள் ஆஜராகாததால் ஒருதலைப்பட்சமாக வந்த தீர்ப்பு. மூன்றே பக்கம். பாதை கேட்கும் இடத்தில் எங்கள் கிணறு இருக்கிறது. அதைப் பற்றி ஒரு சொல் இல்லை.

சத்துவாச்சாரியில் ஒரு வக்கீலைப் பார்த்தேன். அவர் தீர்ப்பை ஓரமாக வைத்துவிட்டு, "முதலில் நோட்டீஸ் எப்படிச் சார்பு ஆனது என்று பார்ப்போம்" என்று நகல் மனு போட்டார். சார்பு என்றால் நோட்டீஸை உரியவரிடம் முறைப்படி சேர்ப்பது. நோட்டீஸின் பின்புறம், அதைக் கொண்டுவந்த கோர்ட் ஊழியரான அமீனா எழுதியிருந்தார்: "வீடு பூட்டியிருந்தது. கதவில் ஒட்டப்பட்டது."

கோபத்துக்கு முன் எனக்குச் சிரிப்புதான் வந்தது. அந்தத் தேதிக்கு மூன்று மாதம் முன்பே காட்பாடிக்குக் குடிவந்துவிட்டோம். தாத்தா செய்த தேக்குக் கதவை விட மனமில்லாமல், அப்பா அதை நிலையோடு கழற்றி லாரியில் ஏற்றிக்கொண்டு வந்திருந்தார். பழைய வாசலை அடைத்து நின்றது ஒரு தகரம்.

நோட்டீஸ் முறையாகச் சார்பு ஆகவில்லை என்றால் மேல்முறையீட்டை மறுபடி விசாரிக்கக் கேட்கலாம். சிவில் நடைமுறைச் சட்டத்தில் 41-வது கட்டளை, 21-வது விதி. கெடு 30 நாள். நோட்டீஸ் சேராதவருக்கு அது விவரம் தெரிந்த நாளிலிருந்து ஓடும். எதற்கும் இருக்கட்டும் என்று தாமதத்தை மன்னிக்கும் மனுவையும் வக்கீல் சேர்த்தே போட்டார். தச்சர் கொடுத்த கூலி ரசீதும், பழைய வீட்டின் மின் இணைப்பைத் துண்டித்த கடிதமும் எங்கள் சாட்சிகள். ஒட்டும்போது உடனிருந்தவர் பெயரை அமீனா எழுத வேண்டும். அந்த இடம் காலியாக இருந்தது.

எதிர்த்தரப்பு வக்கீல் சும்மா இருக்கவில்லை. "முகவரி மாறியதைக் கோர்ட்டுக்குத் தெரிவித்தீர்களா?" என்று குறுக்கு விசாரணையில் கேட்டார். இல்லைதான். ஒரு மெமோ போட்டிருந்தால் இந்த அலைச்சலே இல்லை. அப்பா கூண்டில் நின்று, "ஐயா, கதவு என் வீட்டில் இருக்கிறது, வந்து பாருங்கள்" என்றார். நீதிபதி சிரித்ததாக வக்கீல் சொல்கிறார். நான் நின்ற இடத்திலிருந்து தெரியவில்லை.

எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கொடுக்கச் சொல்லி மனுவை அனுமதித்தார்கள். பிறகு ஏழெட்டு வாய்தா. இந்த முறை வாதம் ஒரு மணி நேரத்துக்கு மேல் போனது.

பாதி தோற்றோம். பாதை உண்டு, ஆனால் கிணற்றைச் சுற்றிப் போக வேண்டும். கிணற்றுக்கு மட்டும் இரண்டு பக்கம் எழுதியிருந்தது. அதை அப்பா இரண்டு தரம் படிக்கச் சொல்லிக் கேட்டார். உயர் நீதிமன்றத்தில் இரண்டாம் மேல்முறையீடு போடலாமா என்று வக்கீல் கேட்டதற்கு, வேண்டாம் என்றுவிட்டார். வக்கீலுக்குத்தான் கொஞ்சம் ஏமாற்றம்.