கார்ட்லெஸ் மைக்கும் காதணி விழாவும்

உசிலம்பட்டிப் பக்கம் காதணி விழா என்றால் பிள்ளைக்குக் காது குத்துகிற சடங்கு என்று வெளியூர்க்காரர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். காது குத்த ரெண்டு நிமிஷம்தான். மிச்சமெல்லாம் செய்முறை, அதாவது சொந்தபந்தங்கள் மொய் வைப்பதும் திருப்பி வைப்பதும். தெருவை மறைத்து பிளெக்ஸ் கட்டி, கிடா வெட்டி, மண்டபம் பிடித்து, வாசல் தாண்டியதும் முதலில் தட்டுப்படுவது மொய் மேஜை. பிள்ளை எங்கே இருக்கிறது என்று அதற்கப்புறம்தான் தேடுவார்கள். சிலர் தேடாமலே பந்திக்குப் போய்விடுவார்கள்.

எங்கள் பங்காளி வீட்டு விழாவில் மொய் எழுதுகிற வேலை எனக்கு விழுந்தது. இப்போதெல்லாம் லேப்டாப்பும் குட்டிப் பிரிண்டரும் வைத்து, பேர், ஊர், தொகையைத் தட்டி, கையோடு ரசீது கொடுக்கும் கம்ப்யூட்டர் மொய் வந்துவிட்டது. நான் ட்ரிபிள் இ (எலக்ட்ரிக்கல், எலக்ட்ரானிக்ஸ் இன்ஜினியரிங்) படித்தவன் என்பதால் அதைத் தட்டுகிற பையன் பக்கத்தில் உட்காரத் தகுதி உண்டென்று முடிவு செய்திருந்தார்கள். சித்தப்பாவுக்கு மட்டும் கம்ப்யூட்டரில் நம்பிக்கை கிடையாது. "கரண்டு போனா அது வாய மூடிரும்டா. நோட்டு மூடாது" என்று மஞ்சள் தடவிய நீள நோட்டு ஒன்றை என் கையில் திணித்தார்.

சித்தப்பாதான் அறிவிப்பாளர். யார் எவ்வளவு செய்தார்கள் என்று மைக்கில் சொல்ல வேண்டும். முந்தைய விசேஷங்களில் எல்லாம் வயர் வைத்த மைக். வயர் நீளத்துக்கு மேல் அவரால் நகர முடியாது. இந்தத் தடவை மைக் செட்டு அண்ணன் கார்ட்லெஸ் கொண்டுவந்திருந்தார். சித்தப்பா கட்டுத்தறி அறுத்த காளையாக மண்டபம் முழுக்கச் சுற்ற ஆரம்பித்தார். சமையல் கட்டில் இருந்து ஒரு அறிவிப்பு, செருப்பு விடுகிற இடத்தில் இருந்து ஒரு அறிவிப்பு. கடைசியில் மேடை ஓரத்தில் இருந்த ஆளுயர ஸ்பீக்கர் பாக்ஸுக்கு நேர் முன்னால் போய் நின்றார்.

"கருமாத்தூர் மாமா வகையில் ரூபாய் ஐயாயிரத்து..."

ஊஊஊஊஊய்ங்ங்ங்.

தூளியில் கிடந்த பிள்ளை வீரிட்டது. பந்தியில் ஒருவர் ரசம் கரண்டியைக் கீழே போட்டார். மேடையில் இருந்த பெரிய மாமா பாய்ந்து வந்து, கூவுகிற மைக்கின் வாயை உள்ளங்கையால் பொத்தினார். அது இரண்டு மடங்கு சுருதியாகக் கூவியது. இன்னும் இறுக்கிப் பொத்தினார். இன்னும் கூவியது. ஒரு மைக்கோடு இப்படி மல்லுக்கட்டுகிற மனுஷரை நான் பார்த்ததில்லை.

"கைய எடுங்க மாமோய்! கைய எடுங்க!" என்று கத்திக்கொண்டே வந்த மைக் செட்டு அண்ணன், சித்தப்பாவின் தோளைப் பிடித்து பாக்ஸுக்குப் பின்னால் தள்ளிக்கொண்டு போனார். சத்தம் செத்தது.

பொத்தினால் ஏன் அதிகமாகக் கூவுகிறது என்று மாமாவுக்கு ஒரே ஆத்திரம். அது நியாயமான கேள்வி. மேடை மைக் பெரும்பாலும் முன்னால் வருகிற சத்தத்தை மட்டும் வாங்கும்படி செய்யப்பட்டது. பின்பக்கச் சத்தத்தைக் கழிப்பதற்குத் தலைக்குப் பின்னால் காற்று போகச் சின்ன வழிகள் இருக்கும். தலையைக் கையால் சுற்றிப் பிடித்தால் அந்த வழி அடைபட்டு, எல்லாத் திசைச் சத்தமும் உள்ளே நுழையும். போதாதற்கு உள்ளங்கைக் குழியே ஒரு ஒலி அறையாகிவிடும். சில பாடகர்கள் மைக்கின் கழுத்தை நெரித்துப் பாடுவதைப் பார்த்தால் அண்ணனுக்கு இரத்தம் கொதிப்பது இதனால்தான்.

கூவலுக்கு வருவோம். மைக் வாங்கிய சத்தத்தை ஆம்ப்ளிபையர் பெரிதாக்கி பாக்ஸுக்கு அனுப்புகிறது. பாக்ஸில் வந்தது மறுபடி மைக்குக்கே போகிறது. மறுபடி பெரிதாகிறது. டென்மார்க் இயற்பியலாளர் சோரன் லார்சன் பேரில் இதை லார்சன் விளைவு என்பார்கள். கூவலைத் தொடங்கிவைக்க யாரும் கத்த வேண்டியதில்லை, மின்விசிறி இரைச்சலே போதும். ஒரு சுற்று முடிந்து திரும்பும்போது சத்தம் கிளம்பியதைவிடக் கொஞ்சமாவது கூடியிருந்தால் தீர்ந்தது.

அந்த "கொஞ்சம்" எவ்வளவு என்று மொய் நோட்டின் பின்னட்டையில் கணக்குப் போட்டுப் பார்த்தேன். சித்தப்பா பாக்ஸிலிருந்து 2 மீட்டரில் நின்றார் என்று வையுங்கள். சத்தம் செகண்டுக்குச் சுமார் 346 மீட்டர் ஓடும். ஒரு சுற்றுக்கு 6 மில்லி செகண்டு கூட ஆகாது. ஒரு செகண்டில் 170 சுற்று. ஒவ்வொரு சுற்றிலும் பத்தே சதவீதம் கூடினால் ஒரு செகண்டில் ஒரு கோடி மடங்குக்கு மேல். அதே பத்து சதவீதம் ஒவ்வொரு சுற்றிலும் குறைந்தால் அதே ஒரு செகண்டில் ஊசி விழுகிற சத்தம்கூட மிஞ்சாது. நடுவில் இருப்பது ஒரு மயிரிழை. மைக் செட்டு அண்ணன் வால்யூம் குமிழைத் திருகும்போது ஏன் மூச்சைப் பிடித்துக்கொள்கிறார் என்று எனக்கு அன்றைக்குத்தான் விளங்கியது. நாலு வருஷம் காலேஜில் இதையே சமன்பாடாகப் படித்தபோது யாரும் மூச்சைப் பிடிக்கவில்லை.

நிஜத்தில் கோடி மடங்கு ஏறாது. ஆம்ப்ளிபையரால் தன் பவர் சப்ளை கொடுக்கிற வோல்ட்டேஜுக்கு மேல் எகிற முடியாது. போய் முட்டி அங்கேயே நின்று கதறும். நம் காதில் விழுவது அந்த முட்டல்.

இதற்குள் மொய் மேஜையில் வேறொரு கூவல் தொடங்கியிருந்தது.

சித்தப்பா இந்தத் தடவை சரியான இடத்தில் நின்று, "கருமாத்தூர் மாமா வகையில் 5,001" என்று முழுசாகச் சொல்லி முடித்தார். வரிசையில் 3,001 ரூபாயை எண்ணிக் கையில் வைத்திருந்த செல்லம்பட்டி மாமா, பணத்தைச் சட்டைப் பைக்குள் திரும்ப வைத்துக்கொண்டு, "இந்தா வந்துர்றேன் மாப்ள" என்று ஒதுங்கினார். தூணுக்குப் பின்னால் மச்சினனோடு ரகசியப் பேச்சு. திரும்பி வந்து வைத்தது 7,001. மைக்கில் அறிவிப்பு. பந்தியில் கறிச்சோற்றில் கை வைத்திருந்த கருமாத்தூர் மாமா காதில் அது விழுந்தது. எச்சில் கையைக் கழுவியும் கழுவாமலும் வந்து, "அப்ப ஒரு கணக்கு விட்டுப்போச்சுப்பா" என்று இன்னும் 3,000 நீட்டினார். பழைய வரியை அடித்து 8,001 என்று எழுதினேன். அதுவும் மைக்கில் போனது. செல்லம்பட்டி மாமா மறுபடி தூணைப் பார்த்தார். மச்சினன் ரெண்டு கையையும் விரித்து, "எங்கிட்ட அம்புட்டுத்தேன்" என்றார். பவர் சப்ளை முட்டிவிட்டது.

மைக் மட்டும் இல்லாவிட்டால் இருவருக்கும் பல ஆயிரம் மிச்சமாகியிருக்கும். தொகை நோட்டுக்குள் போய்ப் படுத்திருக்கும்.

ஆனால் மைக் இல்லாமலே இந்தச் சுற்று ஓடத்தான் செய்கிறது, மெதுவாக. அம்மாவிடம் சின்ன வயதில் கேட்டிருக்கிறேன், வாங்கினதையே திருப்பிச் செய்தால் என்ன என்று. "சரிக்குச் சரி செஞ்சா ஒறவ முடிச்சுக்கிட்டோம்னு அர்த்தம்டா. ஒரு ரூவாயாச்சும் கூடப் போடணும்" என்றாள். அம்மாவுக்கு எலக்ட்ரானிக்ஸ் தெரியாது. ஆனால் சுற்றின் மடங்கு ஒன்றைவிடக் கூட இருந்தால்தான் அது ஓடிக்கொண்டே இருக்கும் என்று தெரிந்திருக்கிறது. எங்கள் வீட்டுப் பழைய நோட்டில் ஒரே வீட்டுக்காரருக்கு 11, அப்புறம் 51, அப்புறம் 251, அப்புறம் 1,001 என்று படி ஏறியிருக்கிறது. மைக்கின் சுற்று 6 மில்லி செகண்டு, மொய்யின் சுற்று அஞ்சாறு வருஷம், அவ்வளவுதான் வித்தியாசம். பத்து சதவீதம் எல்லாம் இங்கே மரியாதைக் குறைவு.

கூட்டம் குறைந்த நேரத்தில் அண்ணனிடம் போய் என் படிப்பைக் கொஞ்சம் காட்டினேன். பெரிதாக்கின சத்தத்தில் ஒரு பங்கைத் தலைகீழாகத் திருப்பி உள்ளேயே விட்டால், கூவுவதற்குப் பதில் அடங்கி, சத்தம் சுத்தமாகும் என்று 1927-ல் ஹரால்டு பிளாக் என்ற பொறியாளர் கண்டுபிடித்ததைச் சொன்னேன். ஆகஸ்ட் 2-ம் தேதி காலை ஹட்சன் ஆற்றில் வேலைக்குப் போகிற படகில் தோன்றியதாம். கையில் இருந்த நியூயார்க் டைம்ஸ் பேப்பரிலேயே படம் போட்டுக் கையெழுத்தும் போட்டுவிட்டார். கஷ்டப்பட்டுப் பெரிதாக்கினதை எதற்குக் குறைக்கிறாய் என்று யாருக்கும் பிடிபடவில்லை. 1928-ல் விண்ணப்பித்த காப்புரிமை கைக்கு வர 1937 டிசம்பர் ஆகிவிட்டது. அண்ணனின் ஆம்ப்ளிபையருக்குள்ளும் அந்த வேலைதான் நடக்கிறது.

அண்ணன் பொறுமையாகக் கேட்டார். "நம்மூர்ல பேப்பர்ல வடதான் மடிப்பாய்ங்க" என்றார். கொஞ்சம் யோசித்துவிட்டு, "நான் ஒண்ணு சொன்னா அதத் தலைகீழாத் திருப்பி எம்மேலயே விட்டு அடக்குற வேல, எங்க வீட்டம்மா ரொம்ப வருசமாப் பாக்குது. அதுக்கு யாரும் காப்புரிமை குடுக்கல."

பதில் யோசிப்பதற்குள் பட்டென்று ஒரு சத்தம். மேடைக்குப் பின்னால் நீலமாக ஒரு வெட்டு. மண்டபம் இருட்டு. லேப்டாப் பேட்டரியில் தாக்குப்பிடித்தது, பிரிண்டர் பாதி ரசீதை வாயில் கவ்விக்கொண்டு நின்றது. சித்தப்பா மைக் இல்லாமலே எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, "நான் சொல்லல? நோட்டு!" என்றார். அவர் வாழ்நாளில் அதைவிடப் பெரிய சந்தோஷம் இருந்திருக்க முடியாது.

நடந்தது இதுதான். சீரியல் செட்டுக்குப் போன வயரில் யாரோ முறுக்கி இணைத்த ஜாயின்ட். டேப் சுற்றாமல், கண்ணில் படக்கூடாது என்று ஜமுக்காளத்துக்கு அடியில் விட்டிருந்தார்கள். அதன் மேல் ஒரு இரும்பு நாற்காலி. அதில் தாய்மாமன் உட்கார்ந்தார். தாய்மாமன் கனமான ஆள், செய்முறையிலும் உடம்பிலும். நாற்காலிக் கால் அழுத்தியதில் கரண்டு வருகிற பேஸ் கம்பியும் திரும்பிப் போகிற நியூட்ரல் கம்பியும் கட்டிப்பிடித்துக்கொண்டன. பல்பு வழியாகச் சுற்றிப் போக வேண்டிய கரண்டு, நேர் வழி கிடைத்ததும் பல்பை மறந்துவிட்டது. 230 வோல்ட், வழியில் தடை அரை ஓம் என்று வைத்தால் 460 ஆம்பியர். வழக்கமாக 5 ஆம்பியர் போகிற வயரில் 92 மடங்கு. சூடு மடங்கின் வர்க்கமாக ஏறும், அதாவது 8,464 மடங்கு. தாய்மாமனுக்கு ஒன்றும் ஆகவில்லை. வேட்டியில் மட்டும் ஒரு பொட்டுக் கருகல், அதை அவர் எல்லோரிடமும் காட்டினார்.

(2021-ல் மின்துறை அமைச்சர் கரண்டு கட்டுக்கு அணிலைக் காரணம் சொன்னபோது தமிழ்நாடே சிரித்தது. அதில் சிரிக்க ஒன்றுமில்லை. 1987 டிசம்பரில் அமெரிக்காவின் நாஸ்டாக் பங்குச் சந்தை ஒரு மணி நேரத்துக்கு மேல் நின்றதற்கு ஒரு அணில்தான் காரணம். எங்களுக்கு அணில் தேவைப்படவில்லை, தாய்மாமன் இருந்தார்.)

மண்டபத்துப் பையன் பீஸ் கட்டையை உருவிக்கொண்டு ஓடிவந்தான். "திரும்பப் போகாம இருக்க மூணு கம்பிய முறுக்கிப் போட்டுறவாண்ணே?" அண்ணன் அன்றைக்கு முதல் தடவையாகக் கோபப்பட்டார். "ஏன்டா, பீஸுங்கிறது சாகுறதுக்குன்னே பொறந்தது. அதச் சாக விடலன்னா செவத்துக்குள்ள இருக்க வயருல்ல சாகும். அப்புறம் மண்டபம்." ஜாயின்ட்டைப் பிரித்துப் போட்டுவிட்டு, ஒற்றைக் கம்பியை அவரே கட்டினார்.

இருட்டில் இன்னொரு காரியமும் நடந்திருக்கிறது. மேஜையில் வரிசை நகரவில்லை என்று ஒரு பெரியவர், விசேஷ வீட்டு அண்ணன் சட்டைப் பையில் நேரடியாகப் பணத்தைச் செருகி, "வச்சுக்கப்பா" என்று போய்விட்டார். நோட்டில் வரவு இல்லை, ரசீது இல்லை. சாயந்தரம் கணக்கு முடிக்கையில் அண்ணன் பையில் இருந்து 2,000 ரூபாய் வந்தது. யார் கொடுத்தது என்று அவருக்கு முகம் நினைவில் இல்லை, இருட்டு. எண்ணெய் வழுக்கையும் சந்தன வாசமும்தான் அடையாளம். அந்த அடையாளத்துக்கு எங்கள் சாதிசனத்தில் குறைந்தது நாற்பது பேர் தேறுவார்கள். "நான் செஞ்சத நீ மறந்துட்ட" என்று என்றைக்காவது ஒரு பந்தியில் பட்டென்று வெடிக்கத்தான் போகிறது. தீப்பொறி எந்தப் பக்கம் வரும் என்று தெரியாததால் அண்ணி அந்த நாற்பது பேரிடமும் இப்போது மிக மரியாதையாகப் பேசி வருகிறார்.

கடைசியாக மைக் செட்டு வாடகை. சித்தப்பா, கூவினதற்குக் கொஞ்சம் கழிக்க வேண்டும் என்று பேரம் ஆரம்பித்தார். மைக் செட்டு அண்ணன் மறுபேச்சு பேசாமல் கழித்துக்கொடுத்தார். மிச்சத்தை வாங்கி, அதிலிருந்தே 1,001 எடுத்து மேஜையில் வைத்து, "நம்ம பேரையும் எழுதுங்க தம்பி. ஆவணில எம்மகளுக்குக் காதணி" என்றார்.

நான் எழுதினேன். சித்தப்பா நோட்டை எட்டிப் பார்த்தார். கழித்த தொகை 500. திருப்பிச் செய்ய வேண்டியது குறைந்தது 1,501. முகம் சுருங்கிக் கணக்குப் போட்டவர், வண்டியில் பாக்ஸ் ஏற்றிக்கொண்டிருந்த அண்ணனிடம் ஓடிப்போய்க் கேட்டது ஒன்றே ஒன்றுதான்:

"ஏப்பா, அங்க மைக்குல யாரு பேசுறா?"