பிறவி மந்திரவாதிகள் இல்லாத பள்ளி

ஆறாம் வகுப்பு முதல் எட்டாம் வகுப்பு வரையிலான பிள்ளைகளுக்குக் கணக்குச் செயல்பாட்டுப் புத்தகங்கள் தயாரிக்கும் ஒரு சின்னக் குழுவில் வேலை பார்க்கிறேன். கணக்கையும் கம்ப்யூட்டர் யோசிக்கிற முறையையும் கதையாகச் சொல்லலாம் என்று முடிவானதும், மந்திரம் கற்றுத்தரும் ஒரு கற்பனைப் பள்ளியை உருவாக்கினோம். அங்கே மந்திரம் என்பது வரிசையாகச் செய்ய வேண்டிய சில படிகள்தான். படி மாறாமல் செய்தால் யார் செய்தாலும் பலிக்கும்.

இந்த 'யார் செய்தாலும்' என்பதற்காக அலுவலகத்தில் நாள்கணக்கில் வாக்குவாதம் நடந்தது. நாயகிக்குப் பிறவியிலேயே ஏதாவது சக்தி இருக்கட்டும், அப்போதுதான் கதை சூடு பிடிக்கும் என்றார் கதை எழுதிக்கொண்டிருந்த நண்பர். நான் விடவில்லை. 'அவனுக்குக் கணக்கு வரும், எனக்கு வராது' என்று பன்னிரண்டு வயதிலேயே தனக்குத் தீர்ப்பு எழுதிக்கொண்ட பிள்ளைகள் எல்லா வகுப்பிலும் இருக்கிறார்கள், நாம் கற்பனையாக ஒரு பள்ளி கட்டும்போதும் அதே தீர்ப்பையா வாசலில் எழுதி வைப்பது? கடைசியில் அவரும் ஒத்துக்கொண்டார்.

முதல் பாடம் 6174. நாசிக் பக்கத்தில் தேவ்லாலியில் பள்ளி ஆசிரியராக இருந்த கப்ரேக்கர் கண்டுபிடித்தது. நான்கும் ஒரே இலக்கமாக இல்லாத ஏதாவது ஒரு நான்கு இலக்க எண்ணை எடுத்து, இலக்கங்களை இறங்குவரிசையிலும் ஏறுவரிசையிலும் எழுதிக் கழிக்க வேண்டும், வந்த விடையில் மறுபடியும் அதையே செய்ய வேண்டும். 3524 என்றால் 3087, அப்புறம் 8352, அப்புறம் 6174. எந்த எண்ணில் தொடங்கினாலும் அதிகபட்சம் ஏழு படிகளில் அங்கே வந்து நின்றுவிடும். கழித்தல் தெரிந்தால் போதும்.

எனக்கு ரொம்பப் பிடித்தது அட்டை மந்திரம். நியூசிலாந்தின் கேன்டர்பரி பல்கலைக்கழகத்தில் டிம் பெல்லும் அவரோடு சேர்ந்தவர்களும் கம்ப்யூட்டர் இல்லாமலே கம்ப்யூட்டர் அறிவியல் சொல்லிக்கொடுக்கப் பரப்பிய விளையாட்டு இது. ஒரு பக்கம் வெள்ளை, மறுபக்கம் சிவப்பு என்று 25 அட்டைகளை ஒரு பிள்ளை தன் இஷ்டப்படி ஐந்துக்கு ஐந்தாக அடுக்குகிறது. 'இன்னும் கொஞ்சம் கஷ்டமாக்குறேன்' என்று சொல்லி மந்திரவாதி குறுக்கே ஒரு வரிசையும் நெடுக்கே ஒரு நிரலும் கூடுதலாக வைக்கிறார். பிறகு அவர் திரும்பி நிற்க, யாராவது ஒரே ஓர் அட்டையைப் புரட்டிப்போட வேண்டும். திரும்பிப் பார்த்ததும் எந்த அட்டை என்று சொல்லிவிடுவார்.

ரகசியம் அந்தக் கூடுதல் அட்டைகளில் இருக்கிறது. ஒவ்வொரு வரிசையிலும் நிரலிலும் சிவப்பு இரட்டைப்படையில் வருகிற மாதிரி வைத்திருப்பார். ஒன்று புரண்டால் ஒரு வரிசையும் ஒரு நிரலும் ஒற்றைப்படையாகிவிடும், இரண்டும் சந்திக்கிற இடம்தான் விடை. 1940-களில் அமெரிக்காவின் பெல் தொலைபேசி ஆய்வுக்கூடத்தில் ரிச்சர்ட் ஹாமிங் என்ற கணித அறிஞர் வார இறுதியில் கணக்கிடும் இயந்திரத்திடம் கணக்குகளைக் கொடுத்துவிட்டுப் போவார், ஒரு சின்னப் பிழை வந்தாலே இயந்திரம் அந்த வேலையைக் கைவிட்டுவிடும். பிழை இருக்கிறது என்று கண்டுபிடிக்கத் தெரிந்த இயந்திரத்துக்கு அது எங்கே இருக்கிறது என்று ஏன் தெரியக்கூடாது என்று அவர் எரிச்சலோடு கேட்டதிலிருந்து பிறந்ததுதான் 1950-இல் வெளியான அவருடைய பிழைதிருத்தும் குறியீடு. நம் அட்டை மந்திரமும் அந்தக் குடும்பம்தான்.

ஓர் அரசுப் பள்ளியில் இதைச் செய்து பார்த்தோம். ரகசியத்தைச் சொன்னால் சுவாரசியம் போய்விடும் என்று குழுவில் சிலர் பயந்தார்கள். நடந்தது வேறு. 'அக்கா, ரெண்டு அட்டையைத் திருப்பினா என்ன ஆகும்?' என்று கடைசி பெஞ்சிலிருந்து ஒரு பெண் கேட்டாள். பிழை இருப்பது தெரியும், எந்த இரண்டு என்று உறுதியாகச் சொல்ல முடியாது. தானே அடுக்கிப் பார்த்து அந்தப் பெண்ணே இதைக் கண்டுபிடித்தாள். ரகசியம் தெரிந்ததால்தான் அந்தக் கேள்வி வந்தது என்பது என் எண்ணம். வெறுமனே கைதட்டிவிட்டுப் போகிற பார்வையாளருக்கு அது தோன்றாது.

இப்போது கடைசி அத்தியாயத்தில் நிற்கிறோம். எந்த மந்திரத்தைக் கொடுத்தாலும் அது ஒருநாள் முடியுமா, முடியாமல் சுற்றிக்கொண்டே இருக்குமா என்று சொல்லிவிடுகிற ஒரு மந்திரத்தைப் பள்ளியின் தலைமை ஆசிரியை தேடுகிறார். அப்படி ஒன்று இருக்கவே முடியாது. ஆலன் டூரிங் என்ற கணித அறிஞர் 1936-இல் எழுதிய கட்டுரையிலிருந்து வருகிற உண்மை அது. இதற்கு முன்னோட்டமாகப் பிள்ளைகளுக்கு ஒரு விளையாட்டு வைத்திருக்கிறேன்: இரட்டைப்படை என்றால் பாதியாக்கு, ஒற்றைப்படை என்றால் மூன்றால் பெருக்கி ஒன்றைக் கூட்டு, வந்த விடையில் மறுபடியும் அதையே செய். 27-இல் தொடங்கினால் 9232 வரை ஏறி, 111 படிகள் கழித்து 1-க்கு வரும். எல்லா எண்ணும் இப்படி 1-க்கு வந்துவிடுமா என்பதை இன்றுவரை யாரும் நிரூபிக்கவில்லை.

'முடியாது' என்று முடிகிற அத்தியாயம் பிள்ளைகளைச் சோர்வாக்கும், எடுத்துவிடலாம் என்று ஒரு கருத்து வந்தது. எனக்கோ புத்தகத்திலேயே முக்கியமான இடம் அதுதான். அந்தக் கேள்வியின் முன்னால் தலைமை ஆசிரியையும் ஆறாம் வகுப்புப் பிள்ளையும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து ஒரே தாளில் எழுதிப் பார்க்கிறார்கள். அத்தியாயத்தை எடுக்கவில்லை, இந்த வாரம் படம் வரையக் கொடுத்திருக்கிறோம்.