பொம்மைப் படம், இரண்டாம் பாகம்: புதுச்சேரி வேலைக் குறிப்புகள்

ஜனவரி 6
முதல் பாகத்தில் பொம்மை அசைந்ததெல்லாம் சுவருக்குப் பின்னால் ஒளிந்திருந்தவன் வேலை. இரண்டாம் பாகத்தில் பொம்மைக்குள்ளேயே பேய். ஹாலிவுட்டில் இதே திருப்பம் ஒருமுறை இடறியது. 2016-இல் வந்த 'தி பாய்' படத்தில் பிராம்ஸ் என்பவன் சுவருக்குள் வாழும் மனிதன், பொம்மை வெறும் பொம்மை. 2020-இல் அதே இயக்குநர் வில்லியம் பிரெண்ட் பெல் எடுத்த தொடர்ச்சியில், அவனை ஆட்டிவைத்ததே பொம்மைதான் என்று மாற்றிவிட்டார்கள். முதல் படத்தை நம்பிப் பார்த்தவர்களை ஏமாற்றும் வேலை அது. நம் கதையில் சுவருக்குப் பின்னால் இருந்தவன் செய்தது அவன் செய்ததாகவே இருக்கும். ஆள் நுழைய வழியே இல்லாத இடத்தில் மட்டும் பொம்மை அசையும்.

ஜனவரி 8
பொம்மைத் தலை வேலை தொடக்கம். காகிதக்கூழ் பொம்மை செய்யும் திருக்கனூர் கைவினைஞர்கள் பக்கத்திலேயே இருக்கும்போது பீங்கானுக்கு அலைவானேன்? களிமண் முகத்தில் வாசலின் தடவி, மைதா பசையில் நனைத்த செய்தித்தாள் ஏழு அடுக்கு. பசைக்கு மைதா ஒரு பங்கு, தண்ணீர் ஐந்து பங்கு, பூச்சி அரிக்காமலிருக்க ஒரு சிட்டிகை மயில்துத்தம். துத்தம் விஷம், கையுறை கட்டாயம். ஓர் அடுக்கு காய்ந்த பிறகே அடுத்தது. கடற்காற்று ஈரத்தில் அவசரப்பட்டால் உள்ளே ஈரம் தங்கிக் கன்னம் கோணிக்கொள்ளும்.

ஜனவரி 15
பொங்கல். தலை மாடியில் காய்கிறது.

ஜனவரி 18
கண்தான் உயிர். கருவிழியை உருண்டையின் மேல் வரைந்தால் ஒரே பக்கம் வெறிக்கும். அரைக்கோள அக்ரிலிக்கின் தட்டையான பின்பக்கத்தில் வரைந்தால், நாம் எந்தப் பக்கம் நகர்ந்தாலும் விழி கூடவே வரும். மோட்டார் எதுவும் வேண்டாம். முகத்துக்கு மேட் வார்னிஷ், கண்ணுக்கு மட்டும் பளபளப்பு.

ஜனவரி 21
கழுத்தைத் திருப்ப சர்வோ என்ற சின்ன மோட்டார் வைத்தோம். அதன் 'ஙீ' சத்தம் லைவ் சவுண்டில் அப்படியே விழுகிறது. கழற்றிவிட்டு, முதுகு வழியாக மேசைக்கு அடியில் இறங்கும் 8 மி.மீ. கம்பி. கீழிருந்து கையால் திருப்பினால் சத்தமே இல்லை. கைக்குத் தூண்டில் நரம்பு. லைட்டில் மின்னும் இடத்தில் கறுப்பு மார்க்கர்.

ஜனவரி 24
ஒயிட் டவுன் வீட்டில் முக்கியக் காட்சி. பூட்டிய கண்ணாடி அலமாரிக்குள் பொம்மை, சாவி அம்மாவின் இடுப்பில். அவள் திரும்பிப் பார்ப்பதற்குள் பொம்மை முகம் சுவரைப் பார்க்க வேண்டும். கேமராவை ஆடாமல் நிறுத்தி இரண்டு ஷாட். நடுவில் பொம்மையின் தலையை மட்டும் திருப்பி வைத்தோம். இடையில் வெயில் நகர்ந்து அலமாரி நிழல் இடம் மாறியதால் வெட்டு தெரிந்துவிட்டது. ஜன்னலுக்குக் கறுப்புத் துணி கட்டி, உள்ளே ஒரே எல்.இ.டி. வைத்து மறுபடி எடுத்தோம். இப்போது நிழல் அசையவில்லை, தலை மட்டும் திரும்பியிருக்கிறது.