25 டாலரைத் திரும்ப வாங்கிய கதை

2024 செப்டம்பரில் ஒரு வெள்ளிக்கிழமை மதியம் ஆபீஸ் மெயிலில் ஒரு அழைப்பு வந்தது. ஊழியர்களிடம் பணம் சேர்த்து வேட்பாளர்களுக்குக் கொடுக்கும் கம்பெனியின் அரசியல் நிதிக்குழுவுக்கு, இங்கே எல்லோரும் ‘பேக்’ என்கிறார்களே அதற்கு, சம்பளத்திலிருந்து மாதாமாதம் ஏதாவது கொடுக்கலாம், கொடுப்பது உங்கள் விருப்பம், கொடுக்காவிட்டால் வேலையில் ஒரு பாதிப்பும் வராது என்று நாலு பத்தி. மேனேஜர் மட்டத்தில் இருக்கிறவர்களிடம்தான் கேட்பார்களாம், எனக்கு அந்த ஏப்ரலில்தான் ப்ரமோஷன், அதனால் முதல் தடவையாக வந்திருக்கிறது. டெலீட் பண்ணப் போனவன் கண்ணில் கடைசி வரி பட்டது. அமெரிக்கக் குடிமக்களும் கிரீன் கார்டு வைத்திருப்பவர்களும் மட்டுமே கொடுக்கலாம், மற்றவர்கள் இதைப் பொருட்படுத்த வேண்டாம்.

நான் எச்1பி, அதாவது தற்காலிக வேலை விசாவில் இருப்பவன். பதினோரு வருடமாக எச்1பி, கிரீன் கார்டு வரிசையில் எனக்கு முன்னால் ஒரு ஊரே நிற்கிறது. வயிற்றில் புளியைக் கரைத்ததற்குக் காரணம் பேக் இல்லை. மூன்று வாரம் முன்னால்தான் எங்கள் தொகுதியில் பிரதிநிதிகள் சபைக்கு நிற்கும் ஒருவருக்கு ஆன்லைனில் 25 டாலர் கொடுத்திருந்தேன். ராத்திரி பதினொரு மணிக்கு, சோபாவில் படுத்துக்கொண்டு, போனில்.

அந்தப் பக்கத்தைத் திரும்பத் திறந்து பார்த்தேன். பணம் கட்டும் பட்டனுக்கு மேலே சின்ன எழுத்தில் ஒரு கட்டம். நான் குடிமகன் அல்லது நிரந்தரமாக வசிக்கும் உரிமை (கிரீன் கார்டு) பெற்றவன், எனக்கு 18 வயது ஆகிவிட்டது, இது என் சொந்தப் பணம், வேறு யாரும் எனக்கு இதைத் திருப்பித் தரப்போவதில்லை, கம்பெனிப் பணம் இல்லை. எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே டிக். சாஃப்ட்வேர் அப்டேட்டுக்கு ‘ஏற்றுக்கொள்கிறேன்’ அமுக்குகிற மாதிரி அமுக்கியிருக்கிறேன். நாலு விஷயம் உண்மை, ஒன்று பொய், அந்த ஒன்றுதான் சட்டம்.

சட்டம் என்ன சொல்கிறது என்றால், குடிமகனோ கிரீன் கார்டுக்காரரோ அல்லாத வெளிநாட்டவர் அமெரிக்கத் தேர்தல் எதற்கும் பணம் கொடுக்கக் கூடாது, ஒரு டாலர்கூட. ஜனாதிபதி தேர்தல் மட்டுமில்லை, மாநிலம், ஊராட்சி, பள்ளி போர்டு வரைக்கும் அதே விதி. இதைப் படித்ததும் இன்னொன்று ஞாபகம் வந்தது. கோடையில் நம் ஊர்க்காரர் ஒருவர் டவுன்ஷிப் கவுன்சிலுக்கு நிற்கிறார் என்று ஒரு வீட்டில் எல்லோரும் கூடி, இட்லி சாம்பார் சாப்பிட்டு, கூடையில் ஆளுக்குக் கொஞ்சம் போட்டோம். நான் 40 டாலர் போட்டேன். ஆக மொத்தம் 65 டாலர் குற்றம்.

முதலில் செய்தது தப்பான காரியம். ஆபீஸில் எனக்கு மூத்தவர் ஒருவர், மதுரைக்காரர், குடியுரிமை வாங்கிப் பத்து வருடம் ஆகிவிட்டது, அவரிடம் சொன்னேன். சிரித்தார். “இதுக்கா தம்பி மூஞ்சியை இப்படி வெச்சிருக்க? கொடுத்த பணத்தைத் திரும்ப வாங்கிடு. கொடுக்கணும்னு ஆசையா இருந்தா எங்கிட்ட கொடு, நான் என் கார்டுல போட்டுடறேன்.” நல்ல மனதோடு சொன்னதுதான். ஆனால் அதுதான் இதைவிடப் பெரிய தப்பு, ஒருவர் பணத்தை இன்னொருவர் பெயரில் கொடுப்பது தனிக் குற்றம். தினேஷ் டிசூசா என்ற வலதுசாரி எழுத்தாளர் 2012-இல் நியூயார்க் செனட் வேட்பாளர் ஒருவருக்கு இப்படி அடுத்தவர்கள் பெயரில் 20,000 டாலர் கொடுத்து மாட்டி, 2014-இல் குற்றத்தை ஒப்புக்கொண்டார். 30,000 டாலர் அபராதம், எட்டு மாதம் ராத்திரியில் ஒரு மறுவாழ்வு விடுதியில் போய்ப் படுக்க வேண்டும் என்று தண்டனை. 2018-இல் டிரம்ப் மன்னிப்பு கொடுத்தார். எனக்கு யார் கொடுப்பார்கள்? மதுரைக்காரரிடம் இதைச் சொன்னதும், “சரி சரி, நான் சொன்னதை மறந்துடு” என்று காபி எடுக்கப் போய்விட்டார்.

அப்புறம் திரும்ப வாங்கும் வேலை. பணம் போன பக்கத்தில் உதவிக்கு இருந்த முகவரிக்கு எழுதினேன்: நான் வெளிநாட்டவர், தகுதி இல்லை, படிக்காமல் டிக் செய்துவிட்டேன், திருப்பித் தாருங்கள். ஐந்தே நிமிடத்தில் பதில். உங்கள் ஆதரவுக்கு நன்றி, இன்று நள்ளிரவுக்குள் இன்னொரு 25 டாலர் தர முடியுமா? இயந்திரம் அனுப்பியது. அடுத்த பத்து நாளில் அந்த மாதிரி முப்பது மெயில் வந்திருக்கும், ஒன்றில்கூட என் கேள்விக்குப் பதில் இல்லை.

இந்த நிலைமையில் யாராவது இருந்தால் பயன்படும் என்பதால் இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். கூட்டாட்சித் தேர்தல் ஆணையத்தின் இணையதளத்தில் ஒவ்வொரு பிரசாரக் குழுவும் பதிவு செய்யும்போது கொடுத்த முதல் படிவம் இருக்கும், அதில் ட்ரெஷரர் பெயரும் முகவரியும் கட்டாயம் இருக்கும். வேட்பாளருக்கு எழுதிப் பிரயோஜனம் இல்லை, ட்ரெஷரருக்கு எழுத வேண்டும், ஏனென்றால் கணக்கில் தப்பு வந்தால் கையெழுத்துப் போட்டவர் அவர்தான். சட்டவிரோதமான பணம் என்று தெரியவந்த நாளிலிருந்து 30 நாளுக்குள் அவர் திருப்பியாக வேண்டும். அதனால் மெயிலில் முதல் வரியிலேயே ‘நான் குடிமகனும் இல்லை, நிரந்தரமாக வசிக்கும் உரிமை பெற்றவனும் இல்லை’ என்று எழுதி, தேதி, தொகை, ரசீது எண் மூன்றையும் போட்டேன். மூன்றாவது நாள் இரண்டு வரியில் பதில். ‘தகவலுக்கு நன்றி. இன்று ரீஃபண்ட் செய்துவிட்டோம்.’ அடுத்த வாரம் கார்டு ஸ்டேட்மென்டில் 25.00 வந்து உட்கார்ந்தது. விசா வக்கீலிடமும் கேட்டேன். தெரிந்தே வேண்டுமென்று செய்வதைத்தான் குற்ற வழக்காகப் பார்ப்பார்கள், நீங்களாக முன்வந்து சொன்ன மெயிலையும் ரீஃபண்ட் ரசீதையும் ப்ரின்ட் எடுத்து ஃபைலில் வைத்துக்கொள்ளுங்கள், அவ்வளவுதான் என்றார். அந்த ஃபைலில் இப்போது என் விசா ஒப்புதலான ஐ-797 நோட்டீசுக்குப் பின்னால் அது இருக்கிறது.

டவுன்ஷிப் ஆள் போனில் “ஐயோ சார், 40 டாலர்தானே” என்றார். கேட்டுக் கேட்டுத்தான் செக் வாங்கினேன்.

காத்திருந்த நாட்களில் நான் வேலையை விட்டுவிட்டுப் படித்ததுதான் அதிகம். பெஞ்சமின் புளூமன் என்ற கனடாக்காரர், வக்கீல், என்னைப் போலத் தற்காலிக வேலை விசாவில் நியூயார்க்கில் இருந்தவர். மூன்று வேட்பாளர்களுக்குக் கொஞ்சம் பணம் கொடுக்க வேண்டும், ஒபாமாவை மறுபடி தேர்ந்தெடுங்கள் என்று சொந்தச் செலவில் துண்டறிக்கை அடித்து சென்ட்ரல் பார்க்கில் கொடுக்க வேண்டும், இதுதான் ஆசை. வழக்குப் போட்டார். 2011-இல் மூன்று நீதிபதிகள் அமர்வு முடியாது என்றது. தீர்ப்பை எழுதியவர் பிரெட் கேவனா, பிற்பாடு உச்ச நீதிமன்றத்துக்குப் போனவர். தன்னைத் தானே ஆண்டுகொள்ளும் மக்களுடைய காரியத்தில் வெளிநாட்டவருக்குப் பங்கு கேட்கும் உரிமை இல்லை என்பது சாரம். 2012 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் விளக்கம்கூட எழுதாமல் அதை உறுதி செய்தது.

அதுவும் சரிதான் என்று நானே சொல்வேன். நாளைக்கு வேறொரு நாட்டுப் பணக்காரன் இங்கே பணத்தைக் கொட்டினால் என்ன ஆகும் என்ற பயம் நியாயமானது. என் தொண்டையில் சிக்கியது அதற்கு இரண்டு வருடம் முன்னால் வந்த இன்னொரு தீர்ப்பு. 2010 ஜனவரி 21, ‘சிட்டிசன்ஸ் யுனைடெட்’ வழக்கு. ஹிலாரி கிளின்டனைத் தாக்கி ஒரு அமைப்பு எடுத்த படத்தில் ஆரம்பித்து, ஐந்துக்கு நாலு என்ற கணக்கில், தேர்தலைப் பற்றிப் பேசச் செலவழிப்பதும் பேச்சுதான், பேசுவது கம்பெனி என்பதற்காக வாயை அடைக்க முடியாது என்று முடிந்தது. வேட்பாளர் கையில் கம்பெனி நேராகப் பணம் கொடுக்க 1907 முதல் இருக்கும் தடை அப்படியே இருக்கிறது. ஆனால் வேட்பாளரோடு கலந்து பேசாமல் தனியாக விளம்பரம் செய்தால் எத்தனை கோடியும் செலவழிக்கலாம். அதே வருடம் மார்ச்சில் வந்த ஒரு கீழ்க்கோர்ட் தீர்ப்பில், வரம்பில்லாமல் பணம் வாங்கி இப்படித் தனியாகச் செலவழிக்கும் சூப்பர் பேக்குகள் பிறந்தன. சிட்டிசன்ஸ் யுனைடெட் தீர்ப்பு வந்த ஆறாம் நாள் ஜனாதிபதி ஒபாமா நாடாளுமன்றத்தில் பேசும்போது வெளிநாட்டுக் கம்பெனிகளுக்கும் கதவு திறந்துவிட்டது என்று சொல்ல, அங்கே உட்கார்ந்திருந்த உச்ச நீதிமன்ற நீதிபதி அலிட்டோ ‘உண்மையில்லை’ என்று உதட்டை அசைத்தது டிவியில் தெரிந்தது.

எங்கள் கம்பெனிக்குத் தலைமையகம் ஐரோப்பாவில். இங்கே இருப்பது அதன் துணை நிறுவனம், ஆனால் அமெரிக்காவில் பதிவானது. அது செலவழிக்கலாம், பணம் இங்கே சம்பாதித்ததாக இருந்து, முடிவெடுப்பவர்கள் குடிமக்களாகவோ கிரீன் கார்டுக்காரர்களாகவோ இருந்தால் போதும். இங்கே சம்பாதித்த அந்தப் பணத்தில் என் டீம் கொண்டுவந்த கான்ட்ராக்டும் உண்டு. நான் சம்பாதித்துக் கொடுத்ததைக் கம்பெனி பேசலாம், எனக்கு அது சம்பளமாகக் கொடுத்ததை நான் பேசக் கூடாது. எச்.ஆரில் கேட்டபோது, பேக் யாருக்குக் கொடுக்கலாம் என்று அந்தக் குழுவில் இருப்பவர்களிடம் பேச்சுவாக்கில்கூட யோசனை சொல்லிவிடாதீர்கள் என்று வேறு எச்சரித்தார்கள்.

அப்பாவிடம் போனில் இதைப் புலம்பினேன். “நம்ம ஊர்ல யார் கொடுத்தாங்கன்னே தெரியாம இருந்துச்சேப்பா” என்றார். பெயர் வெளியே தெரியாமல் கட்சிகளுக்குப் பணம் கொடுக்க இந்தியாவில் இருந்த தேர்தல் பத்திரத்தைச் சொல்கிறார். கம்பெனிகள் லாபத்தில் 7.5 சதவீதத்துக்கு மேல் கட்சிகளுக்குக் கொடுக்கக் கூடாது என்று இருந்த உச்சவரம்பையும் 2017-இல் எடுத்துவிட்டார்கள், 2024 பிப்ரவரி 15-இல் இந்திய உச்ச நீதிமன்றம் இரண்டையும் ரத்து செய்தது. கம்பெனி கொடுப்பது பதிலுக்கு ஏதோ எதிர்பார்க்கும் வியாபாரம் என்று அந்தத் தீர்ப்பே சொல்கிறது. பேச்சு என்று சொல்லவில்லை.

புளூமன் வழக்கைப் படித்ததில் ஒரு நன்மை. நான் எதைச் செய்யலாம் என்பதும் தெரிந்தது. பிரச்சினைகளைப் பற்றி என்ன வேண்டுமானாலும் பேசலாம். சம்பளம் வாங்காமல் பிரசாரத்தில் தொண்டு செய்யலாம். அக்டோபரில் இரண்டு சனிக்கிழமை அதே வேட்பாளரின் ஆபீஸுக்குப் போனேன், ஒரு கட்டு துண்டறிக்கையும் தெருப் பட்டியலும் கொடுத்தார்கள். துண்டறிக்கையின் அடியில் சின்னதாக ஒரு கட்டம் போட்டு, இது யார் பணத்தில் அச்சானது என்று எழுதியிருந்தது. நான் அடித்தால் குற்றம், அவர்கள் அடித்ததை நான் சுமந்தால் சட்டப்படி சரி. தபால் பெட்டிக்குள் மட்டும் போடாதீர்கள், அதற்கு ஒரு சட்டம் இருக்கிறது என்று அந்த ஆபீஸில் இருந்த பெண் சொல்லி அனுப்பினார். மூன்றாவது வீட்டுக் கிழவர் வாங்கிப் படித்துவிட்டு, இதற்கு உங்களுக்கு எவ்வளவு கொடுக்கிறார்கள் என்று கேட்டார். ஒன்றும் இல்லை என்றேன். நம்பவில்லை. நாலாவது வீட்டில் நாய், கதவிடுக்கில் செருகிவிட்டு வந்துவிட்டேன்.