நொடிக்கு 18 பிரேம்

ஒரு பிலிம் சொசைட்டியில் 16 எம்.எம். ப்ரொஜெக்டர் ஓட்டிக்கொண்டிருந்தேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்த பெட்டியில் 'ப்ரோக்கன் பிளாசம்ஸ்' இருந்தது. டி.டபிள்யூ. கிரிஃபித் 1919இல் எடுத்த மௌனப் படம். லண்டன் லைம்ஹவுஸில் குத்துச்சண்டைக்காரத் தகப்பனிடம் அடிவாங்கியே வளரும் லூசி, அவளைத் தன் கடை மாடியில் வைத்துக் காப்பாற்றும் சீன இளைஞன். இருவருக்கும் நல்ல முடிவு இல்லை.

சின்ன அறைக்குள் லூசி கதவைச் சாத்திக்கொண்டு ஒளிகிறாள். தகப்பன் கோடரியால் கதவைப் பிளக்கிறான். போக்கிடம் இல்லாமல் அவள் சுற்றிச் சுற்றி வருகிறாள். கூட்டம் சிரித்தது. பெரியவர்களும் சிரித்தார்கள். எனக்கு ஒன்றும் புரியவில்லை.

ஒன்றரை மணி நேரம் என்று நோட்டீஸில் போட்டிருந்தோம். ரீல் மாற்றிய நேரம் போக, ஒரு மணி ஏழு நிமிடத்தில் படம் முடிந்துவிட்டது. அப்போதுதான் ப்ரொஜெக்டரின் வேக ஸ்விட்சைப் பார்த்தேன். 24இல் இருந்தது.

நொடிக்கு 24 பிரேம், அதாவது பிலிமில் உள்ள தனித்தனிப் படங்கள் 24, என்பது பேசும் படத்தின் வேகம். குரல் பிசகாமல் வர ஒரே வேகம் வேண்டும் என்பதால் அது நிலைத்தது. அதற்கு முன் கேமராவைக் கையால் சுற்றினார்கள்; நொடிக்கு 16, 18 என்று படத்துக்குப் படம் மாறும். எங்கள் மெஷினில் 18க்கும் மாற்ற முடியும். நான்தான் மாற்றவில்லை; அதனால் எல்லாம் வேகமாக ஓடிச் சிரிப்பாகிவிட்டது.

ராத்திரியே தனியாக உட்கார்ந்து 18இல் ஓட்டினேன். "சிரி" என்று தகப்பன் அதட்டுகிறான். லூசி இரண்டு விரலால் உதட்டோரங்களை மேலே தள்ளிச் சிரிப்பை வைக்கிறாள். மாலையில் அது குரங்குச் சேட்டை மாதிரி ஓடிப்போயிருந்தது. இப்போது விரல் தயங்கி எழுவது தெரிந்தது. கண் மட்டும் சிரிக்கவே இல்லை. லூசியாக நடித்த லில்லியன் கிஷ் அந்த ஒரு நொடிக்குள் எத்தனை வைத்திருக்கிறார்! சாகும்போதும் அதே விரல்கள், அதே சிரிப்பு. சீன இளைஞனாக வெள்ளைக்காரரான ரிச்சர்ட் பார்தல்மஸ் கண்ணைச் சுருக்கி நடித்திருப்பது எனக்கு இன்றும் உறுத்தும். ஆனால் அவன் அவளை நெருங்கிவிட்டு, பயந்துவிடுவாளோ என்று விலகும் இடத்தில் அதையும் மறந்தேன்.

பெட்டியைத் திருப்பி அனுப்ப இரண்டு நாள் இருந்தது. "செவ்வாய்க்கிழமை இன்னொருதரம் போட்டுடலாம் சார், தப்பு என்னோடதுதான்" என்று செயலாளரிடம் கேட்டேன். சம்மதித்தார்.

ஞாயிறன்று சிரித்தவர்களில் நாலைந்து பேர்தான் வந்தார்கள். மற்றவர்களுக்கு அது இன்னும் சிரிப்புப் படமாகவே இருக்கும்.